கதைக்கு ஒரு டைம் ஸ்டெபிலைசர் செய்யணும்னா எங்கேர்ந்து ஆரம்பிக்கிறது

கதையிலயோ கேம்லயோ "இந்த மெஷின் காலத்தோட ஓட்டத்தை சீரா வெச்சிருக்கும்"னு ஒரு வரி எழுதிட்டு அப்படியே தாண்டிப் போயிடுறவங்கதான் அதிகம், நானும் அப்படித்தான், என் முதல் டிராஃப்ட்ல அது நீலமா மினுக்குற ஒரு உருளை, அவ்ளோதான். படிச்ச ஃப்ரெண்ட் ஒரே ஒரு கேள்வி கேட்டான், "காலம் ஆடுதுன்னு அந்த உருளைக்கு எப்படிடா தெரியும்?" முழிச்சேன்.

விடை பேர்லயே இருக்கு. ஃப்ரிட்ஜுக்குப் பக்கத்துல மாட்டுற ஸ்டெபிலைசரை நினைச்சுக்கோங்க. வர்ற வோல்டேஜை அளக்குது, உள்ள இருக்கிற மாறாத ஒரு ரெஃபரன்ஸோட ஒப்பிட்டுப் பாக்குது, கூடக் குறைய இருந்தா டக்குனு ரிலேங்கிற சுவிட்ச் மாறி டிரான்ஸ்ஃபார்மர் சுருள்ல வேற டேப்புக்கு, அதாவது வேற இணைப்புப் புள்ளிக்குப் போகுது, கை மீறிப் போனா மொத்தமா கட் பண்ணிடுது. உங்க மெஷினுக்கும் இதே நாலு வேலைதான். இதுல மாட்டிக்கிற இடம் ரெஃபரன்ஸ், அதை முடிவு பண்ணாம மீதி எதையும் தொடாதீங்க.

ஏன்னா காலம் மெதுவானா அந்த ரூம்ல இருக்கிற எல்லாமே சேர்ந்து மெதுவாகும். சீசியம் அணு 919 கோடியே 26 லட்சத்து 31 ஆயிரத்து 770 தடவை அதிர்ந்தா ஒரு செகண்ட்னு 1967லயே முடிவு பண்ணிட்டாங்க, ஆனா அந்தக் கடிகாரத்தையே ரூமுக்குள்ள வெச்சாலும் அதுவும் உங்க நாடித்துடிப்பும் யோசனையும் ஒரே அளவுக்கு மெதுவாகிடும், அதனால உள்ள இருக்கிறவருக்கு எல்லாம் சரியாத்தான் போகுதுன்னு தோணும். அதனால கடிகாரம் ரெண்டு வேணும், ஒண்ணு உள்ள, ஒண்ணு வெளிய. 1971ல ஹாஃபெல், கீட்டிங்னு ரெண்டு விஞ்ஞானிங்க பண்ணது இதுதான், சீசியம் கடிகாரங்களை பயணிகள் விமானத்துல உலகம் சுத்த வெச்சு தரையில இருந்த கடிகாரத்தோட ஒப்பிட்டாங்க, கிழக்கே போனது 59 நானோசெகண்ட் பின்தங்கிடுச்சு, மேற்கே போனது 273 நானோசெகண்ட் முந்திடுச்சு. பூமி மாதிரி கனமான ஒண்ணுக்குக் கிட்டப் போகப் போக காலம் மெதுவாகும், விலகப் போனா வேகமாகும், 2010ல ஒரு கடிகாரத்தை வெறும் 33 சென்டிமீட்டர் உயர்த்தினதுக்கே வித்தியாசம் தெரிஞ்சுது. ஸோ சென்சார் பகுதிக்கு நீங்க கதை விடவே தேவையில்ல, அது ஏற்கனவே இருக்கு.

இங்க ஒரு குழப்பம் வரும். ஜிபிஎஸ் சாட்டிலைட் கடிகாரம் தரையோட ஒப்பிட்டா ஒரு நாளைக்கு சுமார் 38 மைக்ரோசெகண்ட் வேகமா ஓடும் (உயரத்தால 45 கூடுது, வேகத்தால 7 குறையுது), அதுக்காக ஏவுறதுக்கு முன்னாடியே அதோட அதிர்வெண்ணை லேசா குறைச்சு வெச்சிடுறாங்க. ஆனா அங்க திருத்துறது கடிகாரத்தை, காலத்தை இல்ல. உங்க மெஷின் காலத்தையே திருத்தணும், அதனால கடிகாரத்தைத் திருப்பி வெச்சு ஹீரோ தப்பிக்கிற சீன் எழுதிடாதீங்க.

சரி, திருத்துறது எப்படி? எனக்குப் பிடிச்ச வழி ஒரு கனமான கோளக் கூடு. உள்ள காலியா இருக்கிற கோளத்துக்குள்ள அந்தக் கூடு உங்களை எந்தப் பக்கமும் இழுக்காது, ஆனா உள்ள இருக்கிற கடிகாரம் வெளிய இருக்கிறதை விட மெதுவா ஓடும், இது நிஜ இயற்பியல். கணக்குப் போட்டா மட்டும் தலை சுத்தும், 1 மீட்டர் ஆரத்துல ஒரு கூடு கட்டி காலத்தை 1% மெதுவாக்கவே ரெண்டு பூமிக்கும் மேல எடை வேணும். அந்த எடை எங்கேர்ந்து வருதுங்கிறது உங்க பொய், அதை ஒண்ணு மட்டும் சொல்லுங்க, மீதி எல்லாம் நிஜமா இருக்கட்டும். இந்தக் கூட்டால மெதுவாக்கத்தான் முடியும், வேகமாக்க முடியாதுங்கிறதையும் மறக்காதீங்க. வெளிய காலம் தறிகெட்டு ஓடும்போது உள்ள பிடிச்சு இழுக்கிற பிரேக் மாதிரி வெச்சுக்கலாம்.

இப்ப ரசமான இடத்துக்கு வர்றேன், கூட்டுல ஒரு ஜன்னல் வைங்க. உள்ள காலம் பத்து மடங்கு மெதுவுன்னா வெளியேர்ந்து வர்ற வெளிச்சம் உள்ள இருக்கிறவருக்கு பத்து மடங்கு அதிர்வெண்ல வரும், 700 நானோமீட்டர் சிவப்பு 70 ஆகி புற ஊதாவா மாறிடும். அதை விட மோசம் வெப்பம், வெளிய சாதாரணமா 300 கெல்வின்ல (சுமார் 27 டிகிரி செல்சியஸ்) இருக்கிற சுவரு உள்ளேர்ந்து பாத்தா 3000 கெல்வின்ல கொதிக்கிற மாதிரி, அதாவது குண்டு பல்பு இழை மாதிரி சுத்தி எரியும், ஆளு வறுபட்டுடுவார்! வெளிய நிக்கிறவங்களுக்கோ நேர் தலைகீழ், உள்ள எரியிற பச்சை விளக்கு அகச்சிவப்பா மாறிடுறதால கண்ணுக்கு ஒண்ணுமே தெரியாது, கும்மிருட்டு. எல்லாரும் எழுதுற மாதிரி உறைஞ்சு நிக்கிற மனுஷங்களை கண்ணாடி வழியா பாக்க முடியாது, ஜன்னலுக்கு ஒரு ஃபில்டரோ ஷட்டரோ வெச்சே ஆகணும். ஒயரும் அப்படித்தான், வெளியேர்ந்து இழுக்கிற 50 ஹெர்ட்ஸ் கரன்ட் உள்ள 500 ஹெர்ட்ஸா போகும், பேசாம பேட்டரியை உள்ளயே வெச்சிடுங்க.

கன்ட்ரோல் பாக்ஸ் வெளியதான் இருக்கணும். உள்ள வெச்சா அது யோசிக்கிறதும் பத்து மடங்கு மெதுவா இருக்கும், ஆட்டத்தைக் கண்டுபிடிச்சு திருத்துறதுக்குள்ள அது எதிர்ப்பக்கம் போயிருக்கும், அப்புறம் திருத்தினதைத் திருத்துறதுன்னு காலம் முன்னயும் பின்னயும் ஊஞ்சலாட ஆரம்பிச்சிடும். மெஷின் கெட்டுப்போற காட்சிக்கு வெடிக்கிறதை விட இது நல்லா வேலை செய்யும்னு நினைக்கிறேன், ரிலே டக் டக்குனு அடிச்சுக்கிட்டே இருக்கிற சத்தம் போதும். ஸ்டெபிலைசர் ஆன் பண்ணதும் கொஞ்ச நேரம் சும்மா இருந்துட்டு அப்புறம்தான் கரன்ட் விடும் இல்லையா, அந்த டிலேயையும் வைங்க, ஆனா எந்தப் பக்கத்து நிமிஷம்னு எழுதிடுங்க.

கட்-ஆஃப் பட்டன் உள்ள இருக்கிறவர் கையில இருக்குன்னா, அவர் ஒரு செகண்ட்ல கை நீட்டி அமுக்குறது வெளிய பத்து செகண்ட். ஆபத்துன்னா வெளிய இருக்கிறவங்கதான் அமுக்கணும், அவங்க நல்லவங்களாங்கிறது உங்க பிளாட்.

எழுத உக்காரும்போது ஒரு பேப்பர்ல நடுவுல ஒரு கோடு போட்டு இடது பக்கம் உள்நேரம், வலது பக்கம் வெளிநேரம் எழுதிட்டே வாங்க. உள்ள 8 மணி நேரம் தூங்கி எழுந்தா வெளிய 3 நாள் 8 மணி நேரம் ஓடியிருக்கும், என் கதையில அதைக் கவனிக்காம ஒருத்தனை தூங்கி எழுந்ததும் அன்னிக்கே கல்யாணத்துக்கு அனுப்பிட்டேன்.