50 இலட்சம் எடுத்தால் 132 இலட்சம்: மலையகத்தில் வீடு வாங்க வரும் தமிழ்நாட்டு உறவுகளுக்கு

தமிழ்நாட்டின் கூடலூர், கோத்தகிரிப் பக்கமிருந்தும் அகதி முகாம்களிலிருந்தும் இங்கே இலங்கை மலையகத்துக்குத் திரும்பி வந்து ஹட்டன், பண்டாரவளை, கண்டிப் பக்கம் காணி பார்ப்பவர்கள் வங்கியில் கேட்கும் முதல் கேள்வி, "மாசம் எவ்வளவு வரும்?" தவணை சம்பளத்துக்குள் அடங்கிவிட்டால் கையெழுத்துப் போட்டுவிடுகிறார்கள். அந்தக் கேள்வியில்தான் பலரும் மாட்டுகிறார்கள். வீட்டின் விலை தவணையில் தெரியாது.

கடதாசி வேலைகளைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறோம். இலங்கைக் குடியுரிமையோ இரட்டைக் குடியுரிமையோ இல்லாதவர் பெயரில் காணி வாங்க முடியாது. 2014ஆம் ஆண்டின் 38ஆம் இலக்கச் சட்டம் அதைத் தடுக்கிறது. இங்கே பட்டா கிடையாது, "உறுதி" என்ற காணிப் பத்திரம்தான். வில்லங்கச் சான்று பார்ப்பதுபோல, காணிப் பதிவகத்தில் 30 வருட வரலாற்றை வங்கியின் சட்டத்தரணி தேடுவார். நில அளவை வரைபடம், அங்கீகரித்த கட்டட வரைபடம், வீதிக்கோட்டுச் சான்றிதழ், மதிப்பீட்டு வரிப் பற்றுச்சீட்டு எல்லாம் கேட்பார்கள். லயக் காம்பராவையோ (தோட்டத்து வரிசை வீட்டு அறை), அரசு குத்தகைக்குக் கொடுத்த தோட்டக் காணியையோ வைத்து யாராவது "லோன் எடுத்துத் தாறேன்" என்றால் அவரிடம் ஒரு சதமும் கொடுக்காதீர்கள். காணியைப் பேர்ச்சில் சொல்வார்கள். ஒரு ஏக்கர் 160 பேர்ச், ஊரில், அதாவது தமிழ்நாட்டில், 100 சென்ட். ஆகவே 10 பேர்ச் என்பது 6.25 சென்ட்தான். பேர்ச்சைச் சென்ட் என்று நினைத்து விலை மலிவு என்று துள்ளியவர்கள் உண்டு.

ஊரில் உள்ள சிபில் மதிப்பெண் இங்கே செல்லாது. கடன் தகவல் பணியகத்தில், எல்லோரும் "கிரிப்" என்பார்களே, அங்கே உங்கள் பெயரில் ஒன்றும் இருக்காது. அதனால் வங்கி பிணையாளர் கேட்கும். மாமாவையோ மச்சானையோ பிணைக்குக் கூப்பிடுமுன் ஒன்றைச் சொல்லிவிடுங்கள்: நீங்கள் தவணை பிந்தினால் அவருடைய கிரிப் அறிக்கையிலும் அது ஏறும்.

இனிக் கணக்கு. 50 இலட்சம் ரூபா, 12 வீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை 55,054 ரூபா. 240 மாதத்தில் கட்டி முடிப்பது 1 கோடியே 32 இலட்சம். வட்டி மட்டும் 82 இலட்சம். வேறு விதமாகச் சொன்னால், இந்த வட்டியில் இந்தக் காலத்துக்கு நீங்கள் வாங்கும் ஒவ்வொரு ரூபாவும் 2 ரூபா 64 சதமாகத் திரும்பிப் போகிறது. இந்த 2.64ஐ நினைவில் வையுங்கள், கீழே மறுபடி வரும்.

முதல் மாதத் தவணையைப் பிரித்துப் பாருங்கள். 55,054இல் 50,000 வட்டி, அசலில் கழிவது 5,054. முதல் வருடம் முழுக்க 6 இலட்சத்து 60 ஆயிரம் கட்டியபின் கடன் குறைந்திருப்பது 64,100 ரூபா. ஐந்து வருடத்தில் 33 இலட்சம் கட்டியிருப்பீர்கள், நிலுவை 45 இலட்சத்து 87 ஆயிரம். "அஞ்சு வருசத்துல பாதிக்குக் கிட்ட வந்திருப்போம்" என்று மனக்கணக்குப் போட்டு, ஆறாம் வருடம் வீட்டை விற்கப் பார்ப்பவருக்கு இந்த இடத்தில்தான் நெஞ்சு அடைக்கும். வங்கி ஏமாற்றவில்லை. குறைந்துவரும் நிலுவைக்கு வட்டி போட்டால் கணக்கு இப்படித்தான் நடக்கும், ஆரம்பத்தில் நிலுவை பெரிதாக இருப்பதால் வட்டியும் பெரிதாக இருக்கும்.

காலத்தைக் குறைத்தால் என்ன ஆகும்? அதே கடனை 15 வருடத்துக்கு எடுத்தால் தவணை 60,008, மொத்தம் 1 கோடியே 8 இலட்சம். மாதம் ஐந்தாயிரத்துக்கும் குறைவாகக் கூட்டிக் கட்டினால் 24 இலட்சம் மிச்சம். வங்கியில் இந்தக் கணக்கை யாரும் தானாக எடுத்துக் காட்டமாட்டார்கள். நீங்கள்தான் இரண்டு காலத்துக்கும் அட்டவணை கேட்க வேண்டும்.

இவ்வளவும் வட்டி மாறாது என்று வைத்துப் போட்ட கணக்கு. வட்டி மாறும். பெரிய பொறி அங்கேதான் இருக்கிறது.

பதாகையில் "முதல் 3 வருடம் நிலையான வட்டி" என்று பெரிய எழுத்தில் இருக்கும். நான்காம் வருடத்திலிருந்து என்ன என்பது கடன் வழங்கல் கடிதத்தின் உள்ளே, பெரும்பாலும் இரண்டாம் மூன்றாம் பக்கத்தில், இரண்டு வரியில் முடிந்துவிடும். அந்த இரண்டு வரி இரண்டு விதமாக வரலாம். ஒன்று: மத்திய வங்கி வாராவாரம் வெளியிடும் சராசரி நிறையேற்றப்பட்ட முதன்மைக் கடன்வழங்கல் வீதம் (சிறந்த வாடிக்கையாளருக்கு வங்கிகள் கொடுக்கும் கடனின் சராசரி வட்டி), அதற்குமேல் இத்தனை வீதம், ஆறு மாதத்துக்கு ஒருமுறை திருத்தப்படும். மற்றது: "வங்கி காலத்துக்குக் காலம் தீர்மானிக்கும் வீதம்". முதலாவதை நீங்களே சரிபார்க்கலாம், எண் பகிரங்கமானது. இரண்டாவதில் சரிபார்க்க ஒன்றுமில்லை. ஊரில் 2019 ஒக்டோபரிலிருந்து மிதவை வட்டியில், அதாவது மாறும் வட்டியில், கொடுக்கும் புதிய வீட்டுக் கடன்கள் ரிசர்வ் வங்கியின் ரெப்போ போன்ற வெளி வீதத்தோடு கட்டப்பட்டிருப்பதால், இங்கேயும் அப்படித்தான் இருக்கும் என்று நம்பி வருகிறார்கள். எழுதியிருந்தால் மட்டுமே அப்படி.

எவ்வளவு ஏறும் என்று கேட்பவர்கள் 2022ஐப் பாருங்கள். 2021 முடிவில் அந்த முதன்மை வீதம் 9க்குக் கீழே இருந்தது. 2022 ஏப்ரலில் மத்திய வங்கி, மற்ற வட்டிகளுக்கெல்லாம் அடிப்படையான தன் கொள்கை வீதத்தை ஒரே நாளில் 7 சதவீதப் புள்ளி உயர்த்தியது. வருட முடிவில் முதன்மை வீதம் 27ஐத் தாண்டியிருந்தது. பிறகு இறங்கியது உண்மைதான், 2025 மே மாதம் கொள்கை வீதம் 7.75. ஆனால் 20 வருடக் கடனுக்குள் அப்படி ஓர் ஏற்றம் இன்னொருமுறை வராது என்று யார் கையெழுத்துப் போடுவார்?

மேலே சொன்ன கடனில் ஐந்தாம் வருட முடிவில் வட்டி 12இலிருந்து 18 ஆகிறது என்று வைப்போம். மீதி 15 வருடத்துக்குள் முடிக்கப் புதிய தவணை 73,873. சம்பளம் தாங்காது. அப்போது அலுவலர், நல்ல மனதோடுதான், ஒரு வழி சொல்வார்: "தவணையக் கூட்டாம அப்பிடியே கட்டுங்க, காலம் மட்டும் கொஞ்சம் நீளும்." எங்களுக்குத் தெரிந்த ஓர் ஆசிரியர் குடும்பம் இதற்குத்தான் தலையாட்டியது.

நிலுவை 45,87,000. 18 வீதத்தில் ஒரு மாத வட்டி 68,800. கட்டுவது 55,054. வட்டிக்கே 13,700 பற்றாக்குறை, அது நிலுவையில் ஏறும் அல்லது தனி வரியில் "செலுத்தப்படாத வட்டி" என்று குவியும். காலம் நீளவில்லை, கடன் முடியவே முடியாது. அவர்களுடைய கணக்குக் கூற்றின் கடைசி நிரலில் மாதாமாதம் தொகை ஏறிக்கொண்டே போனது. ஒரு தவணையும் பிந்தாமல் கட்டிக்கொண்டே, எடுத்ததைவிடக் கூடுதலாகக் கடன்பட்டு நின்றார்கள். இந்த உதாரணத்தில் வட்டி 14.4 வீதத்தைத் தொட்டாலே பழைய தவணை வட்டிக்குள் கரைந்துவிடும்.

உங்கள் கடனுக்கு அந்த எல்லை எது என்று கண்டுபிடிக்க ஒரு பெருக்கல் போதும். தவணையை 1200ஆல் பெருக்கி நிலுவையால் வகுங்கள். வரும் எண்ணை வட்டி எட்டினால் அசலில் ஒரு ரூபாவும் கழியாது. கையெழுத்துப் போடுமுன், இப்போதுள்ள வட்டியோடு 6ஐக் கூட்டித் தவணை எவ்வளவு என்று எழுத்தில் கேளுங்கள். எக்செலில் தவணை கணக்கிடும் பிஎம்டி (PMT) சூத்திரத்தில் நீங்களே போடலாம். அந்தத் தவணை வீட்டு வருமானத்தில் பாதியைத் தாண்டினால் கடனைக் குறையுங்கள், அல்லது வட்டிக்கு உச்சவரம்பு எழுதித்தரும் வங்கியைத் தேடுங்கள். உச்சவரம்பு இருந்தால் தொடக்க வட்டி கொஞ்சம் கூடும். அதைக் காப்புறுதிக்குக் கட்டும் பணம் என்று எடுத்துக்கொள்ளலாம்.

அடுத்தது முன்கூட்டிக் கட்டுதல். இந்தியாவில் தனிநபர் எடுத்த மிதவை வட்டி வீட்டுக் கடனை முன்னதாக அடைத்தால் அபராதம் போடக்கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012இலேயே சொல்லிவிட்டது. அந்தப் பழக்கத்தில் இங்கேயும் "காசு வந்தா கட்டி அடைச்சிடலாம்" என்று வருகிறார்கள். இங்கே கடிதத்தில் என்ன எழுதியிருக்கிறதோ அதுதான். நிலுவையில் 3 வீதம் கட்டணம் என்று இருந்தால், 45 இலட்சத்தை இன்னொரு வங்கிக்கு மாற்ற 1,35,000 ரூபா. மேலே புதிய மதிப்பீடு, புதிய ஈட்டுறுதி, நொத்தாரிசு செலவு. வட்டி ஒரு வீதம் குறைகிறது என்று மாற ஓடுமுன் இதையெல்லாம் கூட்டிப் பாருங்கள்.

ஆனால் பகுதியாகக் கட்ட வழி இருந்தால் விடாதீர்கள். முதல் வருட முடிவில் 5 இலட்சத்தை ஒன்றாகக் கட்டி, தவணையை மாற்றாமல் வைத்தால், 63 மாதம் முன்னதாகக் கடன் முடியும். மிச்சமாகும் வட்டி ஏறக்குறைய 30 இலட்சம். தவணையை மாற்றாமல் என்பதைக் கவனியுங்கள். நீங்கள் ஒன்றும் சொல்லாவிட்டால் காலத்தை அப்படியே வைத்துத் தவணையைக் குறைத்துத் தந்துவிடக்கூடும், அதில் இவ்வளவு மிச்சம் வராது. "காலத்தைக் குறைக்கவும், தவணை மாற வேண்டாம்" என்று கடிதம் எழுதி, பிரதியில் முத்திரை வாங்குங்கள்.

2.64க்கு வருகிறோம். கடன் காப்புறுதிக்கு 2 இலட்சம் ஒரே கட்டணம், "கையில இல்லாட்டி கடனோட சேத்திடுவம்" என்பார்கள். சேர்த்தால் அது 5 இலட்சத்து 28 ஆயிரம். முத்திரைத் தீர்வைக்கும் அப்படித்தான். 70 இலட்சம் பெறுமதியான சொத்துக்கு முதல் இலட்சத்துக்கு 3 வீதமும் மிச்சத்துக்கு 4 வீதமுமாக 2,79,000. இதையும் நொத்தாரிசு செலவையும் கையிருப்பில் வைத்துக்கொண்டே காணி பேசுங்கள். பத்தாமல் போனால் நிதிக் கம்பனியில் ஒரு சின்னக் கடன் எடுக்கத் தோன்றும், அங்கே "14 வீதம் ஃபிளாட்" என்பார்கள். 10 இலட்சம், 5 வருடம், வட்டி 7 இலட்சம், மாதம் 28,333. நிலுவை குறைந்தாலும் முழுத் தொகைக்கே வட்டி போடுவதால், குறைந்துவரும் நிலுவைக் கணக்கில் அது 23 வீதத்துக்குச் சற்று மேல். வங்கி 16 என்றாலும் வங்கிதான் மலிவு.

மலைநாட்டுக்கே உரிய செலவு ஒன்றும் உண்டு. சரிவில் வீடு கட்ட தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்தின் மண்சரிவு அறிக்கை வேண்டும். 2014 ஒக்டோபரில் மீரியபெத்தைத் தோட்டத்தில் மண்சரிவு லயங்களை மூடியதை இங்கே யாரும் மறக்கவில்லை. அறிக்கை வராத காணிக்கு முற்பணம் கொடுக்காதீர்கள். வந்தாலும் அணைச்சுவர், வடிகால் என்று நிபந்தனை போடலாம், அந்தச் செலவு கட்டட மதிப்பீட்டில் இருக்கிறதா என்று வீடு கட்டும் பாஸிடம் (மேஸ்திரி) கேளுங்கள். வங்கி கேட்கும் தீக்காப்புறுதியில் மண்சரிவும் சேர்ந்திருக்கிறதா என்பதைப் பத்திரத்தில் வாசியுங்கள். வீடு போனாலும் கடன் போகாது.

தவணை நின்றால் வழக்கு நடக்கும், வருடக்கணக்கில் இழுக்கலாம் என்று எண்ணவேண்டாம். எடுத்த தொகை 50 இலட்சத்துக்குக் குறையாத கடன் என்றால், 1990ஆம் ஆண்டின் 4ஆம் இலக்கச் சட்டப்படி வங்கி நீதிமன்றம் போகாமலே ஈடு வைத்த சொத்தை ஏலத்தில் விடலாம். பராட்டே என்று பத்திரிகையில் வருவது இதுதான். சிரமம் என்றால் முதல் தவணை பிந்துமுன் எழுத்தில் அறிவியுங்கள். சலுகைக் காலம் தந்தால், அந்த மாதங்களின் வட்டி எங்கே ஏறுகிறது என்று அதே கடிதத்தில் கேளுங்கள்.

கடிதத்தைத் தமிழில் கேட்டு வாங்குங்கள். "இங்கிலீஷ்லதான் இருக்கு" என்பார்கள். தமிழ் இந்த நாட்டின் ஆட்சிமொழி, கேட்பதற்கு வெட்கப்படத் தேவையில்லை. வருடம் ஒருமுறை கணக்குக் கூற்றை எடுத்து ஏதாவது ஒரு மாதத்தைச் சரிபாருங்கள்: நிலுவையை வட்டி வீதத்தால் பெருக்கி 1200ஆல் வகுத்தால் அந்த மாத வட்டி. நாள் கணக்கில் போடுவதால் சில நூறு ரூபா முன்பின் இருக்கலாம். ஆயிரக்கணக்கில் இருந்தால் கூற்றையும் கடிதத்தையும் கொண்டு கிளைக்குப் போங்கள், எழுத்தில் முறைப்பாடு கொடுங்கள். பதில் வராவிட்டால் மத்திய வங்கியின் 1935 இலக்கத்துக்கு அழையுங்கள்.