கால்ஷீட் கொடுத்தவர் கால்ஷீட் வாங்கும்போது: நடிகையின் முதல் சொந்தப் படம்

தமிழில் நடிகை படம் இயக்குவது இன்று நேற்று வந்த பழக்கமல்ல. டி.பி. ராஜலட்சுமி 1936-லேயே ‘மிஸ் கமலா’வை எழுதி, நடித்து, இயக்கித் தயாரித்தார். பானுமதி 1953-ல் ‘சண்டிராணி’யை மூன்று மொழிகளில் இயக்கினார். சாவித்திரி 1971-ல் தயாரித்து இயக்கி நடித்த ‘பிராப்தம்’ அவரைப் பெரும் நஷ்டத்தில் தள்ளியது. நடிப்பும் இயக்கமும் கைவந்தவரையும் கவிழ்க்கக்கூடிய வேலை தயாரிப்பு. அதனால் இங்கே ஷாட் வைப்பதைப் பற்றிக் கொஞ்சமும், பணத்தையும் காகிதத்தையும் பற்றி நிறையவும் வரும்.

சின்னப் படங்களில் ஏழெட்டு வருடம் நடித்து, இப்போது சொந்தக் கதையை ஒரு கோடிக்குள் எடுக்க நினைப்பவரை மனதில் வைத்தே கணக்குகள் போட்டிருக்கிறோம்.

முதலில் கடைசிப் பணம்

முதல் படங்கள் பெரும்பாலும் படப்பிடிப்பில் நிற்பதில்லை. ஷூட்டிங் முடிந்து, எடிட் பாதியில் இருக்கும்போது நிற்கின்றன. கையில் இருந்ததையெல்லாம் செட்டில் கொட்டிவிட்டு, ‘ரஃப் கட்டை, அதாவது முதல் கட்ட எடிட்டைக் காட்டினால் யாராவது பணம் போடுவார்கள்’ என்ற நம்பிக்கையில் உட்கார்ந்துவிடுவதுதான் காரணம். ரஃப் கட்டைப் பார்த்துப் பணம் போடுகிறவர், உங்கள் அவசரத்தைப் பார்த்துத்தான் விலை சொல்வார்.

80 லட்சம் என்றால் இப்படிப் பிரியுங்கள்: படப்பிடிப்பும் அதற்கு முந்திய வேலைகளும் 40; எடிட், டப்பிங், டிஐ (வண்ணம் சரிசெய்வது), இசை, மிக்சிங் எல்லாம் சேர்ந்து 18; வெளியீடு 17; எதிர்பாராத செலவுக்குக் கைக்காவல் 5. இதில் பின்வேலைக்கும் வெளியீட்டுக்குமான 35 லட்சம் தனிக் கணக்கில் வந்து சேரும்வரை பூஜை போடாதீர்கள். அந்தக் கணக்கின் காசோலையில் இரண்டு கையெழுத்து இருக்கட்டும். ஒரு கையெழுத்து செட் பக்கமே வராதவருடையதாக இருந்தால் நல்லது. மழையில் மூன்று நாள் வீணாகும்போது உங்கள் கை முதலில் நீள்வது அந்தப் பணத்துக்குத்தான்.

கடன் வாங்கினால் மாதக்கணக்கில் யோசியுங்கள். மூன்று வட்டிக்கு 30 லட்சம் என்றால் மாதம் 90,000 ரூபாய். 14 மாதம் இழுத்தால் வட்டி மட்டும் 12 லட்சத்து 60 ஆயிரம்; உங்கள் எடிட், டிஐ பட்ஜெட்டில் பெரும்பகுதி அதுதான். கடன் தீர்ந்ததாக ஃபைனான்சியர் கடிதம் கொடுக்காமல் படம் தியேட்டருக்குப் போகாது. வெள்ளிக்கிழமைப் படத்துக்கு வியாழன் இரவு நடக்கும் பஞ்சாயத்துகள் பெரும்பாலும் இதனால்தான்.

தனி நபர் பெயரில் கம்பெனி ஆரம்பித்தால் படத்தின் கடன் உங்கள் வீட்டு வாசல்வரை வரும். இரண்டு பங்குதாரர் சேர்ந்து எல்எல்பியாகவோ (பொறுப்பு வரம்புள்ள கூட்டு நிறுவனம்), பிரைவேட் லிமிடெடாகவோ பதிவு செய்யுங்கள். ஆனால் சொந்தப் பெயரில் ஜாமீன் கையெழுத்துப் போட்டால் அந்தப் பாதுகாப்பு அங்கேயே முடிந்தது.

இன்னொன்று. எழுத்து, இயக்கம், நடிப்பு மூன்றையும் சும்மா செய்வதாக நினைத்து பட்ஜெட்டில் பூஜ்யம் போடுவது வழக்கம். போடாதீர்கள். மூன்றுக்கும் சேர்த்து 15 லட்சம் என்று எழுதிவைத்தால் படத்தின் மதிப்பு 95 லட்சம் ஆகிறது; பணம் எடுக்காவிட்டாலும் உங்கள் உழைப்புக்குச் சுமார் 16 சதவீதப் பங்கு கணக்கில் வரும். எழுதாவிட்டால் லாபம் பிரிக்கும் நாளில் நீங்கள் விருந்தாளி.

ஒரு வரிக் கடிதத்தின் ஆபத்து

ஒரு சிறுகதையைப் படமாக்குகிறீர்கள். எழுத்தாளர் பெருந்தன்மையாக ‘இக்கதையைத் திரைப்படமாக்கும் உரிமையை அளிக்கிறேன்’ என்று ஒரு வரி எழுதிக் கையெழுத்திட்டுத் தருகிறார். காப்புரிமைச் (காப்பிரைட்) சட்டம் 19-ம் பிரிவின்படி அந்தக் கடிதத்துக்கு என்ன அர்த்தம் தெரியுமா? காலம் குறிப்பிடாததால் 5 வருடம். இடம் குறிப்பிடாததால் இந்தியா மட்டும். அதோடு, ஒரு வருடத்துக்குள் அந்த உரிமையைப் பயன்படுத்தாவிட்டால், வேறு மாதிரி எழுதியிருந்தால் ஒழிய, அது காலாவதியாகிவிடும். சின்னப் படம் ஒரு வருடத்தில் முடிந்த கதை அபூர்வம். ஓடிடி நிறுவனத்தின் வக்கீல் முதலில் கேட்பது இந்தக் காகிதத்தைத்தான். காப்புரிமைக் காலம் முழுவதற்கும், உலகம் முழுவதற்கும், எல்லா மொழிக்கும், டப்பிங், ரீமேக், தொடர் உட்பட, ஒரு வருட விதி பொருந்தாது என்று தெளிவாக எழுதி, தொகையையும் குறிப்பிட்டு வாங்குங்கள்.

கதை உங்களுடையதே என்றாலும் இதே வேலை உண்டு. சட்டப்படி படத்தின் ஆசிரியர் தயாரிப்பாளர். திரைக்கதை எழுதியவர் நீங்கள். உங்கள் கம்பெனியும் நீங்களும் சட்டத்தின் கண்ணில் இரண்டு பேர். ஆகவே உங்களிடமிருந்து உங்கள் கம்பெனிக்கு எழுத்து, இயக்கம், நடிப்பு மூன்றுக்கும் ஒப்பந்தம் போடுங்கள். வேடிக்கையாகத்தான் இருக்கும். பங்குதாரர் பிரிந்துபோகும் நாளில் வேடிக்கையாக இருக்காது.

ஒளிப்பதிவாளர், எடிட்டர், சவுண்ட் டிசைனர் எல்லாரிடமும் முதல் அட்வான்ஸ் கொடுக்கும்போதே கையெழுத்து வாங்குங்கள். இசையமைப்பாளர், பாடலாசிரியர் விஷயத்தில் காப்புரிமைச் சட்டத்தின் 2012 திருத்தத்துக்குப் பிறகு அவர்களுடைய ராயல்டிப் பங்கை எழுதி வாங்கிவிட முடியாது. பழைய ஒப்பந்த மாதிரியை நகலெடுத்தால் அந்த வரி செல்லாது.

தலைப்பைத் திரைப்பட வர்த்தக சபையிலோ தயாரிப்பாளர் சங்கத்திலோ தயாரிப்பாளர் கில்டிலோ பதிவு செய்யுங்கள். போஸ்டர் அடித்த பிறகு தலைப்புத் தேடுவது செலவு.

கட் சொல்வது யார்?

84 பக்கத் திரைக்கதையை 20 நாளில் முடிக்க ஒரு நாளைக்கு 4 பக்கத்துக்குக் கொஞ்சம் கூட. ஐந்து லொகேஷனுக்குள் கதை அடங்கினால் இது நடக்கும். ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்கு யூனிட் மாறினால், ஏற்றி இறக்கி லைட் போட இரண்டு மணி நேரமாவது போகும். அதனால் வெட்ட வேண்டியது வசனத்தை அல்ல, இடத்தை.

நீங்களே நடிக்கும் காட்சிகளில்தான் உண்மையான சிக்கல். உங்களுக்கு மேக்கப், புடவை கட்டு என்று 45 நிமிடம் போனால், அந்த நேரம் 40 பேர் டீ குடித்துக்கொண்டிருப்பார்கள். எனவே உங்கள் காட்சிகளை மதியத்துக்கு வையுங்கள். காலையில் மற்றவர் காட்சிகளை எடுத்துவிட்டு, சாப்பாட்டு இடைவேளையில் தயாராகலாம். உங்கள் உயரமுள்ள ஒருவரை நிறுத்தி, அசைவும் ஃபோகஸ் குறிகளும் வைத்த பிறகு நீங்கள் உள்ளே போங்கள்.

கட் சொல்லும் அதிகாரத்தை அசோசியேட் இயக்குநருக்குக் கொடுத்து, யூனிட் முன்னிலையில் சொல்லிவிடுங்கள். ஒவ்வொரு டேக்குக்கும் மானிட்டருக்கு ஓடாதீர்கள். மூன்று டேக் தொடர்ந்து எடுத்து ஒரே தடவையில் பாருங்கள். நடிகையின் கண் மானிட்டரில் முதலில் தன் முகத்தைத்தான் பார்க்கும். எதிரே நடித்தவர் சொதப்பியது எடிட்டில்தான் தெரியவரும். முதல் முறை பார்க்கும்போது உங்கள் பக்கத்தை அட்டையால் மறைத்துக்கொண்டு பாருங்கள். அபத்தமாகத் தோன்றும், ஆனால் வேலை செய்யும்.

நேரடி ஒலிப்பதிவு என்றால் ஜெனரேட்டர் தள்ளி நிற்க வேண்டும், வீட்டுக்குள் ஃபிரிட்ஜை அணைக்க வேண்டும். அணைத்தவர் தன் வண்டிச் சாவியை ஃபிரிட்ஜுக்குள் வைத்துவிட்டால், கிளம்பும்போது அதைத் திரும்ப ஓடவிட மறக்க மாட்டார். வீட்டுக்காரர் பால் திரிந்ததென்று சண்டைக்கு வர மாட்டார். ஒவ்வொரு இடத்திலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் வெறும் ஒலியைப் பதிவு செய்யுங்கள். அது இல்லாவிட்டால் மிக்சிங்கில் வசனத்துக்கு வசனம் பின்னணி துண்டுதுண்டாகக் கேட்கும்.

அன்றன்றைய ஃபுட்டேஜ் மூன்று பிரதி, இரண்டு வெவ்வேறு கூரையின் கீழ். எடிட்டர் திறந்து பார்த்துவிட்டேன் என்று சொல்லும்வரை கேமரா கார்டை அழிக்கக் கூடாது.

கிராமத்து லொகேஷன் பார்க்கப் போனால் முதலில் தாழ்ப்பாள் உள்ள கழிப்பறையோடு ஒரு வீட்டை வாடகைக்குப் பேசுங்கள். கேரவன் இல்லாத செட்டில் பெண்கள் தண்ணீர் குடிக்காமல் நாள் முழுக்க நின்ற கதை உங்களுக்குத் தெரியாததல்ல. 10 பேர் வேலை செய்தாலே பணியிடப் பாலியல் துன்புறுத்தலுக்கு எதிரான 2013 சட்டப்படி, புகார்களை விசாரிக்க உள்ளகக் குழு கட்டாயம்: தலைவர் பெண், பாதிக்குக் குறையாமல் பெண்கள், வெளியிலிருந்து ஒருவர். தயாரிப்பாளரே நீங்கள் என்பதால் குழுத் தலைவராக நீங்கள் உட்காராதீர்கள். புகார் உங்கள் ஒளிப்பதிவாளர் மேல் வந்தால் யாரிடம் போவது?

குழந்தை நடித்தால் மாவட்ட ஆட்சியரிடம் அனுமதி, ஒரு நாளைக்கு அதிகபட்சம் 5 மணி நேரம், ஓய்வில்லாமல் தொடர்ந்து 3 மணிக்கு மேல் கூடாது, தொடர்ந்து 27 நாளுக்கு மேலும் கூடாது. சம்பளத்தில் 20 சதவீதம் பிள்ளை பெயரில் வங்கி வைப்பில் போக வேண்டும். ஆடு, மாடு, கோழி என்றால் ஷூட்டிங்குக்கு முன்பே விலங்குகள் நல வாரியத்தின் அனுமதியும், முடிந்த பிறகு தடையில்லாச் சான்றும் வேண்டும். பின்னணியில் கட்டிக் கிடக்கும் ஆட்டுக்குக்கூடத் தணிக்கையில் கேள்வி வரும்.

விழா, தணிக்கை, தியேட்டர்

விழாக்களுக்கு அனுப்புவதென்றால் வரிசை முக்கியம். பெரிய விழாக்கள் முதல் திரையிடலைத் தங்களுக்கே கேட்கும். உள்ளூரில் ஆசைக்கு ஒரு காட்சி போட்டுவிட்டால் கதவு சாத்திக்கொள்ளும். ‘கூழாங்கல்’ 2021-ல் ரோட்டர்டாம் பட விழாவில் டைகர் விருது வாங்கிய பிறகு, சின்னத் தமிழ்ப் படத்துக்கும் அந்த வழி உண்டென்று எல்லாருக்கும் தெரிந்தது. ரஃப் கட் நிலையிலேயே காட்டக்கூடிய இடம் கோவாவில் நவம்பரில் என்எஃப்டிசி (தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகம்) நடத்தும் ஃபிலிம் பஜார்; இப்போது அதன் பெயர் வேவ்ஸ் ஃபிலிம் பஜார். சப்டைட்டிலை உங்கள் வட்டார வழக்கு புரிந்தவரிடம் கொடுங்கள்.

தணிக்கைக்கு இப்போது இணையத்தில்தான் விண்ணப்பம். திரைப்படச் சட்டத்தின் 2023 திருத்தத்துக்குப் பிறகு யுஏ (பெற்றோர் வழிகாட்டலோடு பார்க்கும் படம்) மூன்றாகப் பிரிந்து 7+, 13+, 16+ என்று வருகிறது; சான்றிதழுக்குக் காலாவதியும் இல்லை. ஏ (வயது வந்தோருக்கு மட்டும்) சான்றிதழோடு படத்தைத் தொலைக்காட்சியில் போட முடியாது, மறுபடி வெட்டி மாற்றுச் சான்று வாங்க வேண்டும். ஒருவர் ஒரு பீடி பற்றவைத்தாலும் ஆரம்பத்திலும் நடுவிலும் புகையிலை எச்சரிக்கைப் படம், அந்தக் காட்சி ஓடும்போது கீழே வாசகம் என எல்லாம் சேர்க்க வேண்டும். அந்த பீடி தேவையா என்று எழுதும்போதே கேட்டுக்கொள்ளுங்கள்.

ரிலீஸ் கணக்கு இது. டிக்கெட் விலையில் ஜிஎஸ்டி போக 100 ரூபாய் மிஞ்சுகிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த 100-ல் உள்ளாட்சி கேளிக்கை வரி, தியேட்டர் பங்கு, விநியோகஸ்தர் கமிஷன் போக 40 ரூபாய் கைக்கு வந்தால் நல்லது. 80 லட்சத்தைத் தியேட்டரிலேயே எடுக்க 2 லட்சம் பேர் வர வேண்டும். எனவே 150 தியேட்டரில் காலைக் காட்சி வாங்குவதைவிட, கதை நடக்கும் மாவட்டத்திலும் சென்னையிலுமாக 30, 40 தியேட்டரில் மாலைக் காட்சி பேசுங்கள். 11 மணிக் காட்சியில் நாலு பேர் உட்கார்ந்த செய்தி திங்கட்கிழமைக்குள் எல்லாத் திரையரங்குக்கும் போய்விடும். அரசு மானியத்துக்கு விண்ணப்பியுங்கள், ஆனால் வரவுக் கணக்கில் சேர்க்காதீர்கள். வந்து சேர வருடங்கள் ஆகும்.

ஓடிடிக்கும் தொலைக்காட்சிக்கும் பேச்சு நடக்கும்போது, வசனம் இல்லாத இசை-ஒலித் தடம் தனியாக இருக்கிறதா என்று கேட்பார்கள். மிக்சிங் நாளிலேயே அதை எடுத்துவிடுங்கள். ஆறு மாதம் கழித்துப் போனால் ஸ்டூடியோவுக்கு மறுபடி வாடகை. முழுப் படம், அந்தத் தடம், சப்டைட்டில், ஒப்பந்தங்களின் ஸ்கேன் நான்கும் இரண்டு ஹார்ட் டிஸ்க்கில் இருக்கட்டும். வருடத்துக்கு இரண்டு தடவையாவது எடுத்து ஓட்டிப் பாருங்கள்; பீரோவில் சும்மா கிடக்கும் டிஸ்க் திடீரென்று ஒருநாள் சுற்றாது.