தொடர்வலை, படுவலை, அடார்: பழைய வேட்டைச் சொற்களைப் பிரித்துப் படிக்கும் முறை

சங்கப் பாட்டில் 'வலை' என்று வந்ததும் படிப்பவர் மனம் ஆற்றங்கரைக்குப் போய்விடும். தருமபுரி, கிருஷ்ணகிரிப் பள்ளிகளில் இது இன்னும் அதிகம். ஒகேனக்கல் பரிசலும் அணையில் போடும் வீச்சு வலையும் பிள்ளைகள் கண்ணால் பார்த்தவை. வேட்டை வலையைப் பார்த்தவர்கள் வீட்டுப் பெரியவர்கள் மட்டும்தான். ஆனால் பெரும்பாணாற்றுப்படையில் வரும் 'தொடர்வலை' தண்ணீரையே தொடாத வலை. முயல் பிடிக்கக் காட்டில் கட்டியது.

இந்தச் சொற்களைப் பாடம் நடத்தவோ, நடுகல் பற்றி எழுதவோ, கதையில் பயன்படுத்தவோ எடுப்பவர்களுக்கான வழிமுறை இது. அடிப்படை ஒன்றுதான்: பெயரை மட்டும் அகராதியில் தேடாதீர்கள். அதோடு ஒட்டி வரும் வினை எது, மாட்டப்போகும் விலங்கு எது என்ற இரண்டையும் சேர்த்துப் பாருங்கள். கருவி எப்படிப்பட்டது என்பதை அந்த இரண்டும் சொல்லிவிடும்.

தொடர்வலையை எடுத்துக்கொள்வோம். பெரும்பாணாற்றுப்படை 111-ஆம் அடியிலிருந்து:

அரைநாள் வேட்டம் அழுங்கில் பகல்நாள்
பகுவாய் ஞமலியொடு பைம்புதல் எருக்கித்
தொகுவாய் வேலித் தொடர்வலை மாட்டி
முள்ளரைத் தாமரைப் புல்லிதழ் புரையும்
நெடுஞ்செவிக் குறுமுயல் போக்கற வளைஇ

முதலில் வினைகளை மட்டும் பென்சிலால் கோடிடுங்கள்: எருக்கி, மாட்டி, வளைஇ. 'எருக்கி' என்பதற்கும் எருக்கஞ்செடிக்கும் தொடர்பில்லை. எருக்குதல் என்றால் அடித்தல். நாயோடு சேர்ந்து புதரை அடித்துக் கலைக்கிறார்கள். 'மாட்டி' என்பதில்தான் வலையின் வகை இருக்கிறது. வீசவில்லை, விரிக்கவில்லை, மாட்டுகிறார்கள். அதாவது நிற்கும் வலை. வேலியின் திறப்பு குவிகிற இடத்தில் தொங்குகிறது. 'வளைஇ' என்பது வளைத்து என்பதன் அளபெடை வடிவம். அகராதியில் 'வளைஇ' என்று தேடினால் கிடைக்காது. 'வளை' என்ற வினையடியில் பார்க்க வேண்டும். கீழே வரும் வெரீஇ, அடாஅர் போன்றவற்றுக்கும் இதே வழிதான். அளபெடையை எடுத்துவிட்டு மூலச் சொல்லுக்குப் போங்கள்.

வினைகள் பாட்டில் நிற்கும் வரிசையும் வேலை நடக்கும் வரிசையும் ஒன்றாக இருக்க வேண்டியதில்லை. இங்கே புதரை அடிப்பது முதலில் வருகிறது, வலை மாட்டுவது பிறகு வருகிறது. களத்தில் அப்படிச் செய்தால் முயல் போயே போய்விடும். வலை நின்ற பிறகுதான் புதரில் கை வைக்க முடியும். உரைநடையில் மாற்றி எழுதும்போது இதைச் சரிசெய்யாவிட்டால், பின்வரிசையில் உட்கார்ந்திருக்கும் எவனாவது ஒருவன் எழுந்து கேட்பான்.

அடுத்து 'தொடர்'. பலர் 'தொடர்ந்து நீளும் வலை' என்று எழுதிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள். அது போதாது. இதே பாட்டில் சில அடிகள் தள்ளி 'தொடர்நாய் யாத்த துன்னருங் கடிநகர்' என்று வருகிறது. அங்கே தொடர் என்பது சங்கிலி. புறநானூறு 74-இல் சேரமான் கணைக்கால் இரும்பொறை தன்னைத் 'தொடர்ப்படு ஞமலி'யோடு ஒப்பிடுகிறான். அங்கும் சங்கிலியில் கட்டிய நாய்தான். ஆக, தொடர்வலை என்றால் சங்கிலிக் கண்ணி போல ஒன்றோடொன்று பிணைத்த பல வலைகள். மலைத்தொடர், தொடர்வண்டி என்று சொல்லும்போது அந்தப் பழைய பொருள் இன்றும் நம் வாயில் இருக்கிறது.

ஏன் ஒரே பெரிய வலையாக இல்லை? காட்டில் வளைக்க வேண்டிய இடம் ஒவ்வொரு நாளும் மாறும். துண்டு துண்டாக இருந்தால் ஆளுக்கொன்று சுமந்து போகலாம், தேவைக்கேற்பப் பிணைத்துக்கொள்ளலாம், ஒரு துண்டு கிழிந்தால் அதை மட்டும் கழற்றலாம். 'போக்கற' என்ற சொல்லுக்கு அப்போதுதான் பொருள் வருகிறது: இரண்டு துண்டுக்கு நடுவே இடைவெளி விடாமல்.

மாட்டுவதற்கும் இறுக்கிக் கட்டுவதற்கும் உள்ள வேறுபாட்டை வகுப்பில் சொல்லிப் புரியவைப்பது கடினம், செய்து காட்டுவது எளிது. பழைய பூப்பந்து வலை ஒன்று, இரண்டு கம்பு, ஒரு டென்னிஸ் பந்து போதும். வலையை முதலில் இரண்டு கம்புக்கும் இடையே விறைப்பாகக் கட்டிப் பந்தை எறியுங்கள். மோதித் திரும்பி வரும். பிறகு கம்புகளை நெருக்கி, 6 மீட்டர் வலை 4 மீட்டர் இடைவெளியில் தொங்கும்படி தளர்த்தி, மேல்கயிற்றைக் கம்பின் தலையில் லேசாகக் கொக்கி போட்டு வையுங்கள். இப்போது பந்து பட்டதும் வலை உள்வாங்கும், மேல்கயிறு கழன்று பந்தின்மேல் சரியும். கழலவில்லை என்றால் கொக்கி ஆழமாக இருக்கிறது. பந்து ஊடுருவிப் போனால் வலைக்கண் பெரிது. 'மாட்டி' என்ற ஒரு சொல்லுக்குள் இருக்கும் தொழில்நுட்பம் இதுதான்.

இந்தச் சோதனையைப் பள்ளி மைதானத்தோடு நிறுத்திக்கொள்ளுங்கள். 1972-ஆம் ஆண்டின் வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தில் கண்ணி வைப்பது, பொறி வைப்பது, விலங்கை விரட்டுவது, இரை வைப்பது எல்லாமே 'வேட்டை' என்ற வரையறைக்குள் வரும். முயற்சி செய்வதும் அதே கணக்கு. முயலும் கௌதாரியும் இதில் அடக்கம். விளைநிலத்து ஓரத்தில் 'சும்மா மாதிரிக்கு' கட்டினாலும் வனத்துறைக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கும். காவிரி வடக்கு வன உயிரின சரணாலயம் இந்த இரண்டு மாவட்டங்களுக்குள்தான் இருக்கிறது என்பதை மறக்க வேண்டாம்.

இனி படுவலை. நற்றிணை 212 இப்படித் தொடங்குகிறது: 'பார்வை வேட்டுவன் படுவலை வெரீஇ'. கணந்துள் என்ற நெடுங்கால் பறவை வலையைக் கண்டு அஞ்சிக் கத்துகிறது. படுவலை என்பது தரையில் படுத்துக் கிடக்கும் வலை என்று எழுதுவது தவறு. படு என்பது இங்கே அகப்படுதல், அகப்படுத்தும் வலை. குறிஞ்சிப்பாட்டில் இதே இரண்டு சொல்லும் இடம் மாறி 'வலைப்படு மஞ்ஞை' என்று வருகிறது. அது வலையில் சிக்கிய மயில். படு முன்னால் நின்றால் வலையின் தொழில், பின்னால் நின்றால் விலங்கின் கதி.

அதே அடியில் 'பார்வை' என்று ஒரு சொல் இருக்கிறதே, அதில்தான் மிகுதியான தேர்வுத்தாள்கள் சறுக்குகின்றன. 'கூர்ந்த பார்வையுடைய வேட்டுவன்' என்று எழுதிவிடுகிறார்கள். பார்வை என்பது பழக்கி வைத்த விலங்கு அல்லது பறவை. தன் இனத்தை அருகே வரவைக்கக் கட்டிவைப்பது. புறநானூறு 320-இல் வேட்டுவன் அசந்து தூங்குகிறான், அவன் முற்றத்தில் 'பார்வை மடப்பிணை'யோடு, அதாவது பழக்கிய பெண்மானோடு, காட்டுக் கலைமான் ஒன்று வந்து விளையாடுகிறது. அங்கே கண்பார்வை என்று பொருள் கொண்டால் பாட்டே நிற்காது. பெரும்பாணாற்றுப்படையில் 'பார்வை யாத்த பறைதாள் விளவின்' என்று வருவதும் இதுவே. பார்வை மானைக் கட்டிக் கட்டி, அடிமரம் தேய்ந்துபோன விளாமரம் அது. பக்கத்தில் 'யாத்த', 'மடப்பிணை', 'வேட்டுவன்' என்ற சொற்களில் ஏதாவது இருந்தால் பார்வைக்கு இந்தப் பொருளை முதலில் சோதியுங்கள்.

அடார் வலையே இல்லை. ஆனால் வலை வரும் பாடங்களிலேயே இதுவும் வருவதால் குழம்புகிறார்கள். அது பெரிய பலகைக்கல். அடியில் முட்டுக் கொடுத்து நிறுத்தியது. நற்றிணை 119: 'சிறுபொறி மாட்டிய பெருங்கல் அடாஅர்'. தினை தின்ன வரும் பன்றிக்கு வைத்தது, புலி அகப்படுகிறது. இங்கேயும் 'மாட்டிய' என்ற வினைதான். தொடர்வலையில் சொன்ன விதி இங்கே உடைகிறதா என்றால், இல்லை. எது மாட்டப்படுகிறது என்று கேளுங்கள். கல்லைத் தாங்கும் சிறு பொறி மாட்டப்படுகிறது, கல் அல்ல. பொறி என்பது தட்டினால் விடுபடும் உறுப்பு. சிறியது பெரியதைத் தாங்குகிறது என்ற முரணையே கவிஞர் ஓரடிக்குள் வைத்திருக்கிறார். புறநானூறு 19-இலும் 'பொறியறிந்து மாட்டிய பெருங்கல் அடார்' என்று இதே அமைப்பு.

கண்ணிக்கு எச்சரிக்கை ஒரு வரி: சுருக்கும் கண்ணி, தலையில் சூடும் மாலையும் கண்ணி. 'கண்ணி கார்நறுங் கொன்றை' என்ற புறநானூற்று முதல் பாட்டில் வேட்டை தேடாதீர்கள்.

சொல்லே இல்லாத இடத்தில் வலையை நுழைப்பது இன்னொரு பிழை. குறள் 274: 'புதல்மறைந்து வேட்டுவன் புள்சிமிழ்த் தற்று'. இங்கே வலை என்ற சொல் இல்லை, கண்ணி என்ற சொல்லும் இல்லை. சிமிழ்த்தல் என்றால் பிணித்தல். பரிமேலழகரும் 'புட்களைப் பிணித்தாற் போலும்' என்பதோடு நிறுத்திக்கொள்கிறார். 'வலை விரித்துப் பறவை பிடிப்பது போல' என்று சேர்த்து எழுதினால் அது உங்கள் குறள்.

அகராதிக்கு, சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன் (1924–1936) முதல் கை. பொருளுக்குப் பக்கத்தில் தரும் மேற்கோள் இடத்தைக் குறித்துக்கொண்டு மூலப் பாட்டில் போய்ப் பார்த்தால்தான் அந்த வேலை முடியும். இணையத்தில் சீர் பிரித்துப் போட்ட பாடங்களில் சொற்கள் கண்ட இடத்தில் வெட்டுப்பட்டிருக்கும். 'படு வலை', 'தொடர் வலை' என்று இடைவெளி விட்டிருந்தால் சேர்த்துப் படியுங்கள்.

ஊரில் சொல் சேகரிக்கும்போது

ஓசூர், தேன்கனிக்கோட்டை, சூளகிரிப் பக்கம் தமிழ், தெலுங்கு, கன்னடம் மூன்றும் ஒரே தெருவில் புழங்கும். கன்னடத்தில் வலையை 'பலெ' என்பார்கள். தமிழ் வகரம் அங்கே பகரமாவது வழக்கம், வேர் 'பேரு' ஆவது போல. தெலுங்கில் 'வல'. எனவே 'பலெ' என்று ஒருவர் சொன்னால் அதைப் புதுச் சொல்லாகக் குறிக்காமல் அவர் வீட்டு மொழியையும் பக்கத்தில் எழுதுங்கள்.

'தொடர்வலைன்னு கேள்விப்பட்டிருக்கீங்களா தாத்தா?' என்று தொடங்கினால் 'ஆமா சாமி' என்று தலையாட்டிவிடுவார், பதிவு கெட்டுவிடும். சொல்லை நீங்கள் கொடுக்கக் கூடாது. 'அந்தக் காலத்துல முயலுக்கு எதைக் கட்டுவாங்க? நின்ன வாக்குல இருக்குமா, தரையில கெடக்குமா? நூலு எதுல திரிப்பாங்க? நுனியில என்ன முடிச்சு?' என்று வேலையைக் கேளுங்கள், பெயர் தானாக வரும். ஒரு கருவிக்கு ஒரு தாள் வைத்து, பெயர், நார், கண்ணின் அளவு (விரல்கட்டையில் சொன்னால் அப்படியே), எந்த விலங்கு, எந்த மாதம் என்று குறியுங்கள். யார் எப்போது எங்கே வேட்டையாடினார் என்பது உங்களுக்குத் தேவையில்லாதது. அதைக் கேட்டால் பெரியவர் அடுத்த நிமிடம் வாய் மூடிக்கொள்வார், மூடுவதும் நியாயம்.

நடுகல்லுக்கு விளக்கம் எழுதும்போது

பழைய தகடூர் நாட்டில் நடுகற்களுக்குக் குறைவில்லை. தருமபுரி அருங்காட்சியகத்திலேயே வரிசையாகப் பார்க்கலாம். வீரனும் நாயும் இருந்தாலே வேட்டைக்கல் என்று எழுதுவதுதான் அடிக்கடி நேரும் பிழை. பக்கத்து மாவட்டத்தில் உள்ள எடுத்தனூர்க் கல்லில் நாய் இருக்கிறது, அந்த நாய்க்குக் கோவிவன் என்று பெயரும் இருக்கிறது. ஆனால் அது கடித்தது கள்ளர்களை. பன்றியின் உடலில் வீரனின் ஆயுதம் பாய்ந்திருந்தால் பன்றி குத்திப்பட்டான் கல், அதாவது பன்றியோடு மோதி இறந்தவனுக்கு நட்ட கல், என்று சொல்லலாம். கல்லில் வலையைச் செதுக்கியிருந்தால் ஒழிய 'வலை வேட்டை' என்ற சொல்லைப் பயன்படுத்தாதீர்கள். உயரம், அகலம், ஆயுதம் எந்தக் கையில், விலங்கு எந்தப் பக்கம், எழுத்து உண்டா என்று கண்ணுக்குத் தெரிவதை முதலில் எழுதிவிட்டு, ஊகத்தைத் தனிப் பத்தியாக வையுங்கள்.

கதை, கட்டுரை எழுதுவோருக்கு ஒரு சிறு பட்டியல் போதும். வேட்டை வலைக்கு மாட்டி, கட்டி, வளைத்து, மீன் வலைக்கு வீசி, போட்டு, இழுத்து, கண்ணிக்கு வைத்து, அடாருக்கு நிறுத்தி, பொறி மாட்டி. 'போலீசார் வலைவீசித் தேடி வருகின்றனர்' என்று நாளிதழ் எழுதுவது மீனவர் வழக்கு. அஞ்செட்டிக் காட்டில் நடக்கும் கதையில் வேடன் முயலுக்கு வலை 'வீசினான்' என்று எழுதினால், அந்த வலை கள்ளிமுள்ளில் சிக்கிக் கிழிந்துதான் வரும்.