ஏழாவது எழுத்தில் சறுக்கும் எக்ஸ்டர்னல் காஸ் கோடுகள்

காயம் எப்படி ஏற்பட்டது என்று சொல்லும் எக்ஸ்டர்னல் காஸ் கோடு முதல் டயக்னோசிஸாக வராது என்பது பயிற்சியின் முதல் நாளே தெரிந்துவிடும். அதை விட்டுவிடலாம். நோய்களையும் காயங்களையும் கோடுகளாக்கும் ஐசிடி-10-சிஎம்மின் 20-ஆம் அத்தியாயத்தில், அதாவது வி00 முதல் ஒய்99 வரை, மாதக்கணக்கில் சார்ட் (நோயாளியின் மருத்துவப் பதிவு) பார்த்த பிறகும் புதிய கோடர்கள் கால் வைக்கிற பள்ளங்கள் வேறு.

‘ஏ’ என்றால் முதல் விசிட் இல்லை

எத்தனை முறை சொன்னாலும் ஆடிட்டில் திரும்பத் திரும்ப வந்து நிற்பது இதுதான். கோடின் ஏழாவது எழுத்து சிகிச்சையின் கட்டத்தைச் சொல்கிறது; குழப்பத்துக்கு ‘ஏ’யின் பெயரே காரணம். ‘இனிஷியல் என்கவுன்டர்’ என்று இருப்பதால், டாக்டரை முதன்முதலாகப் பார்க்கும் நாளுக்கு மட்டும் ‘ஏ’, மறு விசிட்டிலிருந்து ‘டி’ (ஃபாலோஅப்) என்று முடிவுகட்டிவிடுகிறார்கள். கைடுலைன் அப்படிச் சொல்லவில்லை. காயத்துக்கு ஆக்டிவ் ட்ரீட்மென்ட் நடக்கும்வரை ‘ஏ’தான், டாக்டர் மாறினாலும் அதே. எக்ஸ்டர்னல் காஸ் கோடின் ஏழாவது எழுத்து, அந்த விசிட்டில் காயத்துக்குப் போட்ட ஏழாவது எழுத்தோடு ஒத்துப்போக வேண்டும்.

ஒருவர் வீட்டில் ஏணியிலிருந்து விழுந்து வலது மணிக்கட்டில் கோலிஸ் முறிவு, தோல் கிழியவில்லை என்று வைத்துக்கொள்வோம். ஈஆரில் (அவசர சிகிச்சைப் பிரிவில்) எலும்பை இழுத்துச் சரிசெய்து கட்டுப் போடுகிறார்கள்: முறிவுக்கு எஸ்52.531ஏ, ஏணியிலிருந்து விழுந்ததற்கு டபிள்யூ11.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்ஏ. இதுவரை யாரும் தவறுவதில்லை. ஐந்து நாள் கழித்து வேறொரு ஆர்த்தோ சர்ஜன் பிளேட் வைத்து ஆபரேஷன் செய்கிறார். அங்கேதான் கை நழுவுகிறது. ஆபரேஷன் ஆயிற்றே என்று முறிவுக்குச் சரியாக ‘ஏ’ போடுகிறவர், விழுந்தது பழைய கதை என்று நினைத்து ஏணிக்கு ‘டி’ போட்டுவிடுகிறார். இன்சூரன்ஸுக்குப் போகும் ஒரே கிளைமில் ஒரு வரி சிகிச்சை நடக்கிறது என்கிறது, அடுத்த வரி அது முடிந்து ஃபாலோஅப் என்கிறது. இரண்டும் ‘ஏ’தான். ஆறாவது வாரம் கட்டைப் பிரித்து எக்ஸ்ரே பார்க்க வரும்போது இரண்டும் ‘டி’.

‘ஒத்துப்போக வேண்டும்’ என்பதை அப்படியே காப்பி அடிக்கச் சொன்னதாக எடுத்துக்கொள்பவர்கள் இன்னொரு பக்கம் கவிழ்கிறார்கள். எஸ்52 முறிவுகளுக்கு 16 ஏழாவது எழுத்துகள் உண்டு. ஏணிக்கு இருப்பது ஏ, டி, எஸ் மூன்றே. எலும்பு வெளியே தெரிந்து முறிவு ‘பி’ ஆனால், ஏணிக்கும் ‘பி’ போட முடியாது. அப்படி ஒரு கோடே கிடையாது, கிளைம் திரும்பி வந்துவிடும். பொருந்த வேண்டியது சிகிச்சையின் கட்டம்: முறிவில் ஏ, பி, சி என்றால் காரணத்துக்கு ஏ. டி முதல் ஆர் வரை எதுவாக இருந்தாலும் டி. எலும்பு தாமதமாகக் கூடுகிறது என்று முறிவு ‘ஜி’ ஆனாலும் ஏணிக்கு ‘டி’.

‘எஸ்’ தனி ரகம், காயம் ஆறிய பிறகும் மிஞ்சும் பாதிப்புக்கானது. முறிவு ஆறிய பிறகு மணிக்கட்டு மடங்காமல் வருகிறார் என்றால் முதலில் அந்த விறைப்பு, எம்25.631. பிறகு எஸ்52.531எஸ், கடைசியில் டபிள்யூ11.எக்ஸ்எக்ஸ்எக்ஸ்எஸ். அதே காயத்துக்கு இன்னும் ‘ஏ’யோ ‘டி’யோ ஓடும்போது காரணத்துக்கு ‘எஸ்’ போடக் கூடாது.

எக்ஸ் எத்தனை என்று எண்ணிப் போடுங்கள்

ஏழாவது எழுத்து ஏழாவது இடத்தில் உட்கார வேண்டும், நடுவில் காலியான இடங்களை எக்ஸ் நிரப்புகிறது. டபிள்யூ11 மூன்று இடம், ஆகவே மூன்று எக்ஸ். டபிள்யூ18.30 ஐந்து இடம், ஒரே எக்ஸ். டபிள்யூ01.190 ஏற்கெனவே ஆறு, எக்ஸே வேண்டாம்.

விழுந்து இடித்தாரா, இடித்து விழுந்தாரா?

தமிழில் ஒரே பேச்சாக வந்துவிடும், கோடில் வராது. வழுக்கி விழுந்து, விழும்போது மேசை முனையில் தலை பட்டது என்றால் டபிள்யூ01.190ஏ. நடந்து போகும்போது மேசையில் இடித்து அதனால் விழுந்தார் என்றால் டபிள்யூ18.09எக்ஸ்ஏ. ஹெச்பிஐயில் (என்ன நடந்தது என்று சார்ட்டில் எழுதும் பகுதியில்) அந்த ஒரு வாக்கியத்தை எது முதலில் நடந்தது என்று கேட்டுக்கொண்டே படிக்க வேண்டும். இரண்டு சொல்லும் கண்ணில் பட்டதும், எதையோ இடித்துக்கொண்டதற்கான டபிள்யூ22-ஐயும் சேர்த்துப் போடுகிற பழக்கம் வேண்டவே வேண்டாம். விழுந்த கோடுக்குள்ளேயே அது அடங்கிவிட்டது.

டபிள்யூ19

எப்படி விழுந்தார் என்று குறிப்பிடாத கோடு இது. விழுந்தார் என்பதைத் தவிர சார்ட்டில் வேறு எதுவும் இல்லாதபோது மட்டும்.

ஒய்92, ஒய்93, ஒய்99

காயம் நடந்த இடம், அப்போது செய்துகொண்டிருந்த செயல், அது வேலையா வேறா என்ற நிலை. மூன்றுக்கும் ஏழாவது எழுத்து கிடையாது; பொதுவாகச் சிகிச்சையின் முதல் விசிட்டில் ஒரே முறைதான் வரும். ஃபாலோஅப்பில் மறுபடி வந்திருந்தால் பழைய விசிட்டிலிருந்து காப்பி ஆகியிருக்கிறது என்று அர்த்தம். சார்ட்டில் தகவல் இல்லையென்றால் ஒய்92.9, ஒய்93.9, ஒய்99.9 என்று நிரப்பக் கூடாது, விட்டுவிட வேண்டும். கட்டம் காலியாக இருப்பது பலருக்குக் கை அரிக்கிறது, அவ்வளவுதான்.

ஒய்99.0-இல் மட்டும் இரட்டைக் கவனம். அது சம்பளத்துக்குச் செய்த வேலை. நோயாளியின் தொழில் பெயின்டர் என்று படித்துவிட்டு, அவர் தன் சொந்த வீட்டுக்கு வெள்ளையடிக்கும்போது விழுந்ததற்கு இதைப் போட்டால், இது வொர்க்கர்ஸ் காம்பன்சேஷன் (வேலையில் பட்ட காயத்துக்கான இன்சூரன்ஸ்) கொடுக்க வேண்டியது என்று ஹெல்த் இன்சூரன்ஸ் கையை விரிக்கக்கூடும். அங்கே ஒய்99.8.

நோக்கம்

தற்செயலா, வேண்டுமென்றே நடந்ததா என்று எழுதவில்லையென்றால் விபத்து. ‘தீர்மானிக்க முடியவில்லை’ என்று ப்ரொவைடர் (சிகிச்சை தந்தவர்) எழுதினால் மட்டுமே அன்டிடெர்மின்ட்.

விஷம், மருந்து மாறிச் சாப்பிட்டது

டீ36-இல் (ஆங்கில T) தொடங்கும் பாய்சனிங் கோடுகளில் பொருளும் நோக்கமும் உள்ளேயே இருக்கின்றன. மேலே இன்னொரு காரணக் கோடு தேவையில்லை. ஒய்93, ஒய்99-உம் இதற்குப் பொருந்தாது.

பார்க்கிங் லாட்

வாகன விபத்து பார்க்கிங் லாட்டில் நடந்தால், அது பொதுச் சாலை இல்லை, ஆகவே நான்ட்ராஃபிக் (சாலைப் போக்குவரத்து விபத்து அல்ல). எங்கே நடந்தது என்றே எழுதாத வாகன விபத்தை மட்டும் பொதுவாகச் சாலையில் நடந்ததாக எடுத்துக்கொள்ளுங்கள்.