பெயரடைகளை அடித்துவிட்டு ஒரு மனிதரைப் பார்ப்பது எப்படி

மனநலப் பிரிவில் பயிற்சி மருத்துவனாகச் சேர்ந்த முதல் மாதம். அறுபதைத் தாண்டிய ஒருவரை அரை மணி நேரம் விசாரித்துவிட்டு வந்து கேஸ் ஷீட்டில் எழுதினேன்: "முரட்டு சுபாவம். ஒத்துழைக்க மறுக்கிறார். சந்தேகப் பார்வை." எங்கள் மூத்த மருத்துவர் சிவப்புப் பென்சிலை எடுத்து 'முரட்டு', 'மறுக்கிறார்', 'சந்தேக' ஆகிய மூன்றையும் அடித்தார். "இப்போது படித்துக் காட்டு" என்றார். "சுபாவம். ஒத்துழைக்க. பார்வை." படிக்கும்போதே எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது, அவருக்கு வரவில்லை. திரும்பப் போய் எதிரே உட்கார்ந்து பேசியபோதுதான் தெரிந்தது, அந்தப் பெரியவருக்கு இடது காது கேட்காது. நான் அரை மணி நேரமும் அவருடைய இடப்பக்கமாகவே நின்றிருந்தேன். சந்தேகப் பார்வை என்று நான் எழுதியது, என் உதட்டசைவைப் பிடிக்க அவர் பட்ட பாடு.

இருபது ஆண்டுகளுக்கு மேல் ஆகிவிட்டன. இப்போது சிவப்புப் பென்சில் என் கையில் இருக்கிறது. மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுப்பதைத்தான் இங்கே எழுதுகிறேன், மருத்துவர் அல்லாதவர்களுக்காக. ஏனென்றால் பயணத்தில் பக்கத்து இருக்கைக்காரர்கூட என் தொழில் தெரிந்ததும் குரலைத் தாழ்த்தி, "எங்கள் மேலதிகாரி ஒரு நார்சிசிஸ்ட், இல்லையா டாக்டர்?" என்று கேட்கிறார். தன்னை மட்டுமே பெரிதாக நினைப்பவர் என்று அர்த்தம். (இதில் வரும் மனிதர்களின் அடையாளங்களை மாற்றியிருக்கிறேன். அதுவும் பாடத்தில் சேர்த்திதான்.)

கேமராவில் பதிவாவதை மட்டும் எழுதுங்கள்

உங்களை உறுத்தும் ஒருவரின் நடத்தையைத் தாளில் எழுதுங்கள். பிறகு அதிலுள்ள பெயரடைகளையும் குணத்துக்குத் தீர்ப்புச் சொல்லும் சொற்களையும் அடியுங்கள். 'கோபக்காரர்', 'சுயநலவாதி', 'சோம்பேறி' எல்லாம் போகட்டும். மிஞ்சுவது ஒன்றுமில்லை என்றால், நீங்கள் இதுவரை எழுதியது உங்கள் எரிச்சலைப் பற்றி. மறுபடி எழுதுங்கள்: "செவ்வாய் இரவு ஒன்பது மணிக்குத் தொலைபேசி அழைப்பு வந்தது. பேசி முடித்ததும் கதவை அறைந்து சாத்தினார். இரண்டு மணி நேரம் வெளியே வரவில்லை." இதில் மூன்று செய்திகள் இருக்கின்றன. 'கோபக்காரர்' என்பதில் ஒன்றுகூட இல்லை.

அடுத்து, அதற்கு முன் என்ன நடந்தது, பின் என்ன நடந்தது, எத்தனை முறை என்று குறியுங்கள். இவற்றோடு எனக்கு மிகவும் பிடித்த கேள்வி ஒன்று: எப்போது அப்படி நடப்பதில்லை?

ஒரு தந்தை பதினைந்து வயது மகளை அழைத்து வந்தார். காலையில் வயிற்றுவலி என்று பொய் சொல்லிப் பள்ளிக்கு மட்டம் போடுகிறாள் என்பது புகார். எந்தெந்த நாளில் வலி வருகிறது என்று ஒரு மாதம் குறித்து வரச் சொன்னேன். திங்களும் வியாழனும் தவறாமல் வந்தது. மற்ற நாட்களில் ஒருமுறைகூட இல்லை. அந்த இரண்டு நாட்களில் மட்டுமே விளையாட்டு வகுப்பு. உடை மாற்றும் அறையில் சக மாணவிகள் அவளைப் படுத்திய பாடு அதன்பிறகுதான் வெளியே வந்தது. வலி பொய்யும் இல்லை. அவள் வயிறு உண்மையிலேயே வலித்தது. பயத்தில் குடல் இறுகுவது நடிப்பல்ல.

இன்னொன்று, ஒருவரை ஊரோடு ஒப்பிடாதீர்கள், அவருடைய நேற்றோடு ஒப்பிடுங்கள். பிறவியிலேயே அதிகம் பேசாதவர் பேசாமல் இருப்பது செய்தியல்ல. ஓயாமல் பேசுபவர் இரண்டு வாரமாக வாய் திறக்கவில்லை என்றால் அது செய்தி. மனச்சோர்வு நோய் என்று சொல்வதற்கு நாங்கள் வைத்திருக்கும் அளவுகோலும் இதைத்தான் கேட்கிறது: குறைந்தது இரண்டு வாரம், கிட்டத்தட்ட தினமும், நாளின் பெரும்பகுதி, தூக்கம், பசி, ஆர்வம் போன்றவற்றில் பலவற்றில் மாற்றம், அன்றாட வேலையே தடைப்படும் அளவு. ஒரு மோசமான ஞாயிற்றுக்கிழமைக்கு அந்தப் பெயர் பொருந்தாது.

உடம்பைத் தாண்டிக் குதிக்காதீர்கள்

'அகத்தின் அழகு முகத்தில் தெரியும்' என்ற பழமொழியை நம்பி நான் ஏமாந்திருக்கிறேன். மனைவி இறந்தபோது கண்ணீர் விடவில்லை, முகம் கல்லாக இருந்தது என்று பிள்ளைகள் குற்றம் சாட்டிய ஒருவருக்கு இருந்தது பார்கின்சன் நோய். முகத்தசைகளின் அசைவு குறைந்துபோகும். உள்ளே துக்கம் குறையாமலேயே இருக்கும். தைராய்டு சுரப்பு குறைந்தால் சோர்வும் மந்தமும் வரும், கூடினால் படபடப்பு வரும். பி12 வைட்டமின் குறைபாடு நினைவையும் மனநிலையையும் குலைக்கலாம். ஸ்டீராய்டு மாத்திரைகள் சிலரைத் தலைகால் புரியாத உற்சாகத்தில் தள்ளும். முதியவர் ஒருவர் ஓரிரு நாளில் திடீரென்று குழம்பிப் பேசினால் 'வயதாகிவிட்டது' என்று விட்டுவிடாதீர்கள். தொற்றோ, நீரிழப்போ, புதிய மருந்தோ காரணமாக இருக்கலாம். அன்றைக்கே மருத்துவமனைக்கு அழைத்துச் செல்ல வேண்டும்.

விளங்குவதும் விளக்குவதும்

கார்ல் யாஸ்பர்ஸ் என்ற ஜெர்மானிய மனநல மருத்துவர் 1913இல் ஒரு பிரிவினை செய்தார். ஒரு நிகழ்வுக்கு வெளியிலிருந்து காரணம் சொல்வது ஒன்று. ஒரு மனிதரின் அனுபவம் அவருக்குள் எப்படி ஒன்றிலிருந்து ஒன்று பிறந்தது என்று உள்ளிருந்து உணர்வது வேறு. தமிழில் இதற்குச் சொற்கள் தயாராகவே இருக்கின்றன: விளக்குவது, விளங்கிக்கொள்வது. ஓர் ஒற்றெழுத்தில் இருக்கிறது வித்தியாசம்.

விளக்குவதற்கு அந்த ஆள் அறையில் இருக்கவேண்டிய அவசியமே இல்லை. "சின்ன வயதில் அப்பா அடித்திருப்பார், அதனால்தான் இப்படி" என்று யாரும் யாரைப் பற்றியும் சொல்லிவிடலாம். கேட்கவும் அழகாக இருக்கும், மறுத்துப் பேசவும் ஆள் இருக்காது. விளங்கிக்கொள்ள அவருடைய வாய் வேண்டும். எனவே என் விதி: உங்கள் விளக்கம் மிகவும் கச்சிதமாக இருந்தால், அதைச் சம்பந்தப்பட்டவரிடம் சொல்லிப் பாருங்கள். "நான் புரிந்துகொண்டது இது. எங்கே தப்பு?" என்று கேளுங்கள். 'சரியா?' என்று கேட்டால் மரியாதைக்காகத் தலையாட்டுவார்கள். 'எங்கே தப்பு?' என்றால்தான் யோசிப்பார்கள்.

ஓர் எச்சரிக்கை. விளங்கிவிட்டது என்பதற்காகப் பொறுத்துக்கொள்ள வேண்டும் என்று அர்த்தமில்லை. அடிக்கும் கணவரின் மனக்காயங்களை ஆராய்ந்துகொண்டு அதே வீட்டில் உட்கார்ந்திருந்த பெண்களை நான் பார்த்திருக்கிறேன். முதலில் பாதுகாப்பான இடத்துக்குப் போங்கள். ஆராய்ச்சியை அங்கிருந்து செய்துகொள்ளலாம், செய்யாமலும் இருக்கலாம்.

பெயர் சூட்டுவதற்கு முன்

நோய்ப்பெயர் என்பது வெறும் சொல் அல்ல என்பதை எங்கள் துறையே அவமானப்பட்டுக் கற்றது. 1851இல் அமெரிக்காவின் லூசியானாவில் சாமுவேல் கார்ட்ரைட் என்ற மருத்துவர், அடிமைகள் எஜமானர்களிடமிருந்து தப்பி ஓடுவதை ஒரு மனநோய் என்று அறிவித்தார். 'டிரேப்டோமேனியா' என்று அதற்குக் கிரேக்கப் பெயர் வேறு. சிகிச்சையில் சவுக்கடியும் உண்டு. சோவியத் ஒன்றியத்தில் அரசை எதிர்த்துப் பேசியவர்களுக்கு 'மந்தகதி ஸ்கிசோஃப்ரினியா' (மெதுவாக முற்றும் மனச்சிதைவு நோய்) என்று எழுதி மருத்துவமனையில் அடைத்தார்கள். 1977இல் ஹொனலூலுவில் கூடிய உலக மனநல மருத்துவர் மாநாடு அதைக் கண்டித்தது. ஒருபாலீர்ப்பை அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் நோய்ப்பட்டியலிலிருந்து நீக்கியது 1973இல்தான். அதுவரை எத்தனை பேருக்கு எத்தனை மருத்துவர்கள் நல்லெண்ணத்தோடு 'சிகிச்சை' அளித்தார்கள் என்று நினைத்தால் எனக்கு வயிற்றைக் கலக்கும். அவர்களில் பலர் கெட்டவர்கள் அல்லர். கேட்காமல் விளக்கியவர்கள்.

பக்கத்து இருக்கைக்காரருக்கு நான் சொல்லும் கதை வேறு. 1964 அமெரிக்க அதிபர் தேர்தலில் பாரி கோல்ட்வாட்டர் போட்டியிட்டபோது, ஒரு பத்திரிகை 12,356 மனநல மருத்துவர்களுக்குக் கடிதம் எழுதி, அவர் அதிபராக மனத்தகுதி உள்ளவரா என்று கேட்டது. 2,417 பேர் பதில் போட்டார்கள். 1,189 பேர் தகுதியில்லை என்றார்கள். நேரில் உட்கார வைத்துப் பரிசோதிக்காத ஒருவரைப் பற்றி, தொலைவிலிருந்தே தீர்ப்பு. கோல்ட்வாட்டர் வழக்குத் தொடுத்து வென்றார். 1973இல் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் தன் நெறிமுறையில் ஒரு விதியைச் சேர்த்தது: நேரில் பரிசோதிக்காமல், உரிய அனுமதி பெறாமல் பொதுவாழ்வில் உள்ள எவரைப் பற்றியும் தொழில்முறைக் கருத்துச் சொல்லக் கூடாது. பரிசோதனையும் அனுமதியும் இல்லாமல் நானே வாய் திறக்கக் கூடாது என்றால், மேலதிகாரியைப் பற்றி நீங்களும் நானும் பஸ்ஸில் முடிவெடுக்க முடியுமா? "அவர் செய்ததில் உங்களைப் பாதித்தது எது?" என்று கேட்பேன். "மூன்று கூட்டங்களில் என் யோசனையைத் தன்னுடையதாகச் சொல்லிக்கொண்டார்" என்பார். அதை மின்னஞ்சலில் எழுதி வையுங்கள் என்பேன். அதற்கு நார்சிசிஸ்ட் என்ற சொல் எங்குமே தேவைப்படுவதில்லை.

கேட்கும் விதம்

எதிரெதிரே உட்கார்ந்து கண்ணுக்குள் பார்த்துப் பேசுவது திரைப்படத்துக்குச் சரி. பலருக்குப் பக்கத்தில் நடந்துகொண்டே பேசினால்தான் வாய் வரும். "பேசலாமா, இப்போது முடியுமா?" என்று அனுமதி கேளுங்கள்; 'வேண்டாம்' என்றால் விட்டுவிடுங்கள், மறுநாள் கேளுங்கள். 'ஏன் அப்படிச் செய்தாய்?' என்பது காவல் நிலையக் கேள்வி. 'அன்றைக்கு என்ன நடந்தது?' என்றால் கதை வரும். அவர் நிறுத்தியதும் உடனே நீங்கள் தொடங்காதீர்கள். மனத்துக்குள் பத்து வரை எண்ணுங்கள். முக்கியமானது பெரும்பாலும் ஏழிலோ எட்டிலோ வரும். இதற்கு ஆய்வு எதுவும் இல்லை, என் அனுபவம்.

ஒன்றை மட்டும் சுற்றி வளைக்காமல் கேட்க வேண்டும். சாவைப் பற்றி யோசிக்கிறார் என்று தோன்றினால், "தற்கொலை எண்ணம் வருகிறதா?" என்று நேராகவே கேளுங்கள். கேட்பதால் அந்த எண்ணம் புதிதாக முளைக்காது. பலருக்கு மூச்சு விட்டாற்போல இருக்கும். ஆம் என்றால் தனியே விடாதீர்கள், ஆபத்தான பொருட்களை அப்புறப்படுத்துங்கள், அன்றே மருத்துவரிடம் அழைத்துச் செல்லுங்கள். "யாரிடமும் சொல்லமாட்டேன்" என்று மட்டும் சத்தியம் செய்யாதீர்கள். ரகசியம் காப்பது எங்கள் தொழிலின் உயிர். ஆனாலும் நோயாளியால் இன்னொருவர் உயிருக்கு ஆபத்து என்று தெரிந்தால், அந்த இன்னொருவரைக் காக்க வேண்டிய கடமை மருத்துவருக்கு உண்டு என்று கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம் 1976இல் தீர்ப்பளித்தது. நண்பர்களுக்கும் இந்த எல்லை பொருந்தும். "உயிருக்கு ஆபத்தானதைத் தவிர மற்றதெல்லாம் நமக்குள்" என்று முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

எழுதியதைச் சம்பந்தப்பட்டவர் படித்தால் எப்படி இருக்கும் என்று யோசித்துத்தான் நான் இப்போது கேஸ் ஷீட் எழுதுகிறேன். அப்படித்தான் எழுதுகிறேன் என்ற நினைப்பில் இருந்தேன். போன ஆண்டு ஒரு அம்மையார் தன் கோப்பைப் பார்க்க வேண்டும் என்றார். கொடுத்தேன். மூக்குக்கண்ணாடியை மாட்டிக்கொண்டு நிதானமாகப் படித்தவர் ஒரு வரியில் விரலை வைத்தார். "மிகவும் உணர்ச்சிவசப்பட்டார்."

"நான் அழுதேன் டாக்டர். அவ்வளவுதானே?"

அந்த வரியை அடித்துவிட்டு, அவர் முன்னாலேயே எழுதினேன்: "இறந்துபோன தம்பியைப் பற்றிச் சொல்லும்போது நான்கு நிமிடம் அழுதார்." கோப்பைத் திருப்பிக் காட்டினேன். அவர் என் கையிலிருந்த பென்சிலை வாங்கி 'தம்பி'யை அடித்துவிட்டு, மேலே 'அண்ணன்' என்று எழுதினார்.