பழைய பிரிண்டர் முரண்டு பிடித்தால் செய்யக் கூடாதவை

அச்சு வரவில்லை என்றதும் பலரும் முதலில் கைவைப்பது, கணினியையும் பிரிண்டரையும் பேசவைக்கும் மென்பொருளான டிரைவரில்தான். பழைய ஆல் இன் ஒன் இங்க்ஜெட் பிரிண்டருக்கு அது கடைசி வைத்தியம். முதலில் கணினியோடு சேர்த்த கேபிளைக் கழற்றுங்கள். கண்ணாடியில் ஒரு தாளை வைத்து நகல் பொத்தானை அழுத்துங்கள். நகல் ஒழுங்காக வந்தால் ஸ்கேனர், மை, அச்சுத் தலை எல்லாம் நலம். கோளாறு கணினியிலோ இணைப்பிலோ இருக்கிறது. நகலும் வராவிட்டால் டிரைவரை நொந்து பயனில்லை.

கணினியிலிருந்து அனுப்புவது மட்டும் வராதபோது, அதே கோப்பைத் திரும்பத் திரும்ப பிரிண்ட் கொடுப்பது வீண் வேலை. முன்னால் சிக்கிய கோப்பு நகரும்வரை பின்னால் வருபவை காத்துக் கிடக்கும். விண்டோஸில் ரத்து செய்தாலும் சில நேரம் அது போகாது. அப்போது சர்வீசஸ் பட்டியலில், அச்சுக்கு வரும் கோப்புகளை வரிசையில் வைக்கும் பிரிண்ட் ஸ்பூலரை நிறுத்துங்கள். விண்டோஸ் கோப்புறையில் சிஸ்டம்32, அதில் ஸ்பூல், அதில் பிரிண்டர்ஸ் என்று உள்ளே போய், அங்குள்ள கோப்புகளை மட்டும் அழியுங்கள், கோப்புறையை விட்டுவிடுங்கள். பிறகு ஸ்பூலரை இயக்கினால் பெரும்பாலும் வழி திறந்துவிடும்.

யூஎஸ்பி கேபிளை வேறு துளையில் செருகுவதும் வம்புதான். விண்டோஸ் அதைப் புதிய பிரிண்டராக எண்ணி, அதே பெயரோடு 'காப்பி 1' என்று இன்னொன்றைச் சேர்த்துவிடக்கூடும். நீங்கள் பழைய பெயருக்கே அனுப்பிக்கொண்டிருப்பீர்கள். அதுவோ ஆஃப்லைன் என்று சாதிக்கும்.

அச்சு வருகிறது, ஸ்கேன் மட்டும் இல்லை என்றால், கணினி தானாகப் போட்டுக்கொண்ட பொது டிரைவரைச் சந்தேகியுங்கள். தயாரிப்பாளரின் தளத்தில் உங்கள் மாடலுக்கான முழுத் தொகுப்பைத் தேடுங்கள். நிறுவும்போது, அது கேட்கும்வரை கேபிளைச் செருகாதீர்கள். 32 பிட் டிரைவர் மட்டுமே உள்ள மாடல் என்றால் விண்டோஸ் 11-இல் முயல வேண்டாம்; அது 64 பிட் மட்டுமே. யாரோ நடத்தும் டிரைவர் தளங்களின் பக்கமே போகாதீர்கள்.

தலையைச் சுத்தம் செய்யும்போது வெளியேறும் மையை உறிஞ்சும் கழிவு மைப் பஞ்சு நிரம்பியதாகச் செய்தி வந்தால், அந்த மையைக் கணக்கிடும் கவுன்டரை மட்டும் பூஜ்யமாக்கித் தப்பிக்கப் பார்ப்பார்கள். அந்தச் செய்தி பொதுவாக பிரிண்டர் போட்டு வைத்த கணக்குதான். அதை அழித்தாலும் பஞ்சில் ஊறிய மை அப்படியே இருக்கும், ஒருநாள் மேசையில் வழியும். பஞ்சை மாற்றிய பின்பே கவுன்டரைத் தொடுங்கள். மைத் துளைகள் அடைத்திருக்கின்றனவா என்று காட்டும் நாசில் சோதனைத் தாளைப் பார்க்காமலே தலையைச் சுத்தம் செய்வதும் அந்தப் பஞ்சைத்தான் சீக்கிரம் நிரப்புகிறது.