கழுவக் கழுவத் தீராத பயம்: லயத்து வீட்டில் ஓசிடியோடு ஒரு நாள்

ஓசிடி என்பது வேண்டாத பயம் திரும்பத் திரும்ப வந்து, அதைத் தணிக்க ஒரே காரியத்தை மறுபடி மறுபடி செய்ய வைக்கும் மனநோய். அது கடுமையாக இருப்பவருக்குப் பீலியடியில் கை கழுவவே ஒரு மணி நேரம் போய்விடும். குளிர்தண்ணீரும் சவர்க்காரமும் பட்டுப் பட்டு விரல் இடுக்குகள் வெடித்து எரியும். கழுவியதும் பயம் கொஞ்சம் அடங்கும். அந்த நிம்மதிதான் மறுபடியும் கழுவ வைக்கிறது.

இந்தச் சுழலை உடைக்க ஒரு பயிற்சி உண்டு. பயம் தரும் காரியங்களைக் கொப்பியில் எழுதி, 0 முதல் 100 வரை புள்ளி போடுங்கள். 40 அளவில் உள்ளதில் தொடங்குங்கள். கதவுக் கொண்டியை உள்ளங்கையால் அழுத்திப் பிடித்துவிட்டு, கழுவாமல் இருங்கள். பதற்றம் ஏறும், பிறகு தானாக இறங்கும். அரை மணி நேரமோ அதற்கு மேலோ ஆகலாம். பாதியாகக் குறையும்வரை பொறுங்கள். தினமும் அதையே செய்து, இலகுவானதும் அடுத்ததற்குப் போங்கள். நோய் முற்றியிருந்தால் இதை மருத்துவர் வழிகாட்டலில் செய்வதே நல்லது.

பலர் சறுக்குவது இங்கேதான்: கழுவாமல் உடுப்பில் துடைப்பார்கள், மனதுக்குள் எண்ணுவார்கள். அதுவும் பயத்தைத் தணிக்கச் செய்யும் சடங்குதான், பயிற்சி வீணாகிவிடும்.

"அம்மா, அடுப்ப அணைச்சாச்சா?" என்று பத்தாவது முறை கேட்கும் பிள்ளைக்கு "ஆமா" என்பது நோய்க்குத் தீனி. "இது ஓசிடி கேக்குற கேள்வி, பதில் சொல்ல மாட்டேன். பக்கத்துலயே இருக்கேன்" என்று முன்பே பேசிவைத்த பதிலை மட்டும் சொல்லுங்கள். தயவுசெய்து ஏசாதீர்கள், இது பிடிவாதமல்ல, பேயுமல்ல.

ஃபுளுவொக்ஸெட்டின், சேர்ட்ரலின் போன்ற மருந்துகள் நன்கு வேலை செய்ய 8 முதல் 12 வாரம் எடுக்கும். இரண்டாம் வாரத்திலேயே நிறுத்திவிடாதீர்கள். நுவரெலியா, பதுளை அரச ஆஸ்பத்திரிகளில் மனநல கிளினிக் இலவசம். உயிரை விடும் எண்ணம் வந்தால் உடனே தேசிய மனநல உதவி இலக்கமான 1926-க்கு அழையுங்கள்.